பதில் தலைவரும் என் மகளின் கலியாணமும்

என் அண்ணை ஒரு நாட்டுக்குத் தலைவராக இருந்தவர். சிரிக்க வேண்டாம், உண்மையாகத்தான். நாட்டின் பெயரைச் சொல்ல மாட்டேன். சொன்னாலும் உங்களுக்குத் தெரியப்போவதில்லை. உலகப் படத்தில் பெருங்கடலுக்கு நடுவில் ஈ இருந்துவிட்டுப் போன இடம் மாதிரி ஒரு புள்ளி. கணக்குப் படித்த கையோடு அங்கே வேலை கிடைத்துப் போனவர், அந்த நாட்டுப் பிரசையாகி, திறைசேரியிலேயே தலை நரைத்து, நிதிச் செயலாளராக வந்தார். நிதிச் செயலாளர் என்றால் என்ன வேலை என்று ஒருமுறை கேட்டேன்.

"ஏலாது எண்டு சொல்லுற வேலை" என்றார்.

முடியாது என்று சொல்ல அவரை விட்டால் ஆளில்லை. லண்டனுக்கு வந்தால் என் வீட்டு ஹீற்றரை அணைத்துவிட்டுத் தன் ஸ்வெட்டரைப் போட்டுக்கொண்டு இருப்பார். ஆள் இல்லாத அறையில் லைற் எரிந்தால் அவருக்குச் சாப்பாடு இறங்காது.

அவர் தலைவரான கதை சுருக்கமானது. இருந்த தலைவருக்கு ஊழல் விசாரணை தொடங்குகிற நேரம் பார்த்து நெஞ்சு நோ வந்தது. பக்கத்து நாட்டு ஆஸ்பத்திரிக்குப் பறந்து, அங்கே இருந்தபடியே பதவி விலகினார். நெஞ்சு பிறகு சுகமாகிவிட்டது. திரும்பி வருகிற எண்ணம்தான் வரவில்லை. நோயாளியைப் பார்த்துக்கொள்ளவென்று துணைத் தலைவரும் கூடவே போய்விட்டார், நல்ல மனசு. பாராளுமன்றத்தில் இருந்ததோ இரண்டு கட்சி. ஒருவர் சொல்கிற ஆளை மற்றவர் ஏற்கமாட்டார். கடைசியில் இரண்டு பக்கமும் ஒரே அளவில் வெறுக்கிற ஒரு மனுசனைத் தேடினார்கள். இத்தனை வருசமாக எல்லோருக்கும் ஏலாது என்று சொல்லிவந்த என் அண்ணை அகப்பட்டார். புதுத் தலைவரைத் தெரிவுசெய்யும்வரை அந்த இடத்துக்குப் பதில் தலைவர்.

செய்தி வந்தபோது நான் குசினியில் உருளைக்கிழங்கு உரித்துக்கொண்டு நின்றேன்.

"தங்கச்சி, என்னை நாட்டுக்குப் பொறுப்பாப் போட்டிருக்கினம்."

"அப்ப கலியாணத்துக்கு?" என்றேன்.

ஒரு நாடு கிடைத்த மனுசனிடம் கேட்கிற முதல் கேள்வியா இது என்று நீங்கள் நினைக்கலாம். நான் பத்தாம் வகுப்போடு நின்றவள். மனோர் பார்க்கில் வீடு, காலையில் பள்ளிக்கூடக் குசினியில் வேலை, பின்னேரம் செபமாலை. எனக்கு நாடு முக்கியமில்லை, மகள்தான் முக்கியம்.

என் மனுசன் ஆஸ்பத்திரிக் கட்டிலில் கிடந்தபோது அண்ணையின் கையைப் பிடித்துச் சொன்னவர்: "மச்சான், பிள்ளையைக் கோயிலுக்குள்ளை நீங்கள்தான் கூட்டிக்கொண்டு போய் விடவேணும்." வாசலில் இருந்து பீடம்வரை மணப்பெண்ணைத் தகப்பன் கூட்டிக்கொண்டு போவதுதான் கத்தோலிக்கரான எங்கள் வழக்கம். அப்போது பள்ளிக்கூடச் சட்டையோடு கட்டிலடியில் நின்ற என் மகள் அதைக் கேட்டுக்கொண்டு நின்றாள். மறக்கவேயில்லை. மாப்பிள்ளை சரிவந்த அன்று அவள் முதல் கேட்டதே, "மாமாவுக்கு டேற் சொல்லியாச்சா?" என்பதுதான்.

நான் கூட்டிக்கொண்டு போகலாமே என்பீர்கள். வேதக்காரர் என்றாலும் நாங்கள் தமிழர்தானே. புருசன் இல்லாதவள் கலியாண வீட்டில் பின்னுக்கு நின்று சட்டி பானை பார்க்கலாம், முன்னுக்கு வரக்கூடாது. அப்படி வேதாகமத்தில் எங்கேயும் இல்லை. ஆனால் எங்கள் சனத்துக்கு வேதாகமத்தை விட நன்றாகத் தெரிந்த சட்டங்கள் சில உண்டு.

அண்ணையின் நாட்டிலும் ஒரு சட்டம் இருந்தது. பதில் தலைவர் நாட்டை விட்டு வெளியே காலை வைத்தால் அந்தக் கணமே பதவி போய்விடும். அவருக்கும் பதிலாகப் போட ஆளில்லை. ஆகவே, கலியாணத்துக்குள் புதுத் தலைவர் வந்து இவரை விடுவித்தால்தான் உண்டு.

செய்தி பரவ அதிக நேரம் எடுக்கவில்லை. என் மனுசனின் தங்கச்சி, அதாவது என் மச்சாள், ஃபாரஸ்ட் கேட்டில் இருக்கிறா. அவவுக்குத் தெரிந்தால் எலிசபெத் லைன் ரயிலில் போகிற எல்லோருக்கும் தெரிந்த மாதிரி. கலியாண அழைப்புக் காட்டைக் கொடுத்தபோது "பாப்பம்" என்று சொல்லிவிட்டு அதை ஃபிறிட்ஜுக்கு மேலே போட்ட சனமெல்லாம் இப்போது எனக்குப் போன் எடுத்தது. என் மனுசனின் செத்தவீட்டுக்கு ஷிப்ட் என்று சொல்லி வராத ஒருவர், "தங்கச்சி, நாங்கள் குடும்பமா எட்டுப்பேர் வாறம்" என்றார். இன்னொருவருக்கு அந்தத் தீவில் மீன் பிடித்து ஏற்றுமதி செய்ய லைசென்ஸ் வேணுமாம். அந்த மனுசன் மீனைக் கடையில் வெட்டித் தந்தால்தான் கையால் தொடுவார்.

மச்சாள் ஒருநாள் வந்து குந்தினா.

"மச்சாள், காட்டைத் திருப்பி அடிக்கவேணும். மாண்புமிகு எண்டு போடவேணும்."

"அவர் பதில் எண்டு போடாமல் விட்டால் வாங்கமாட்டார். ரீவியிலை ஆரோ தலைவர் எண்டு சொல்ல, இடையிலை மறிச்சு, பதில் தலைவர் எண்டு திருத்தினவராம். தலைவற்ரை கதிரையிலையும் இருக்கிறேல்லை. பக்கத்திலை ஒரு சின்னக் கதிரை போட்டுத்தான் இருக்கிறாராம்."

"அது அவற்ரை பணிவு. காட்டிலை எங்கடை பெருமையை எல்லோ போடுறம்" என்றா. "நான் கவுன்சிலுக்கும் போன் அடிச்சுக் கேட்டனான். நாட்டுத் தலைவர் வாறார், உங்கடை றோட்டை மறிக்கவேணும் எண்டு."

"என்ன சொன்னவை?"

"விசிட்டர் பார்க்கிங் பேர்மிற் எடுக்கட்டாம்."

எனக்கு அன்றைக்குத்தான் கவுன்சில் மேல் ஒரு மரியாதை வந்தது.

மச்சாள் அதோடு விடவில்லை. எங்கள் கோயிலில் கிழமைக்கு ஒருநாள் மாதாவுக்கு நவநாள் நடக்கும். ஒன்பது கிழமை தொடர்ந்து மன்றாடினால் கேட்டது கிடைக்கும் என்பது எங்கள் விசுவாசம். எனக்குக் கிடைத்திருக்கிறது, ஆகவே அதில் பகிடி இல்லை. பகிடி என்னவென்றால், மச்சாள் எழுதிக்கொடுத்த விண்ணப்பத்தைப் பாதர் மைக் பிடித்து வாசித்தார்: "நமது சகோதரி ஒருவரின் அண்ணனுக்குக் கிடைத்த தலைமைப் பதவி நிரந்தரமாக வேண்டுமென்று மன்றாடுவோம்."

கோயில் முழுக்கத் திரும்பி என்னைப் பார்த்துச் சிரித்தது. "தாயே, எங்களுக்காக வேண்டிக்கொள்ளும்" என்று எல்லோரும் உரக்கச் சொன்னார்கள். நானும் சொன்னேன். சொல்லிவிட்டு உள்ளுக்குள் தனியாகச் சொன்னேன்: "மாதாவே, இவையின்ரை கதையைக் கேளாதேங்கோ. அவரை உடனை பதவியாலை இறக்கிவிடுங்கோ."

இப்படியே கிழமைக்குக் கிழமை நடந்தது. அவர்கள் நூறு பேர் நிரந்தரமாக்கச் சொல்லி மன்றாடினார்கள். நான் ஒருத்தி முன்வாங்கில் முழந்தாளில் நின்று கலைக்கச் சொல்லி மன்றாடினேன். உலகத்தில் எத்தனையோ நாடுகளில் ஆட்சியைக் கவிழ்க்கச் சதி நடக்கிறது. மனோர் பார்க்கில் ஒரு சமையற்காரி மெழுகுதிரி கொளுத்திச் செய்த சதி எந்தப் பேப்பரிலும் வரவில்லை.

பிறகுதான் அண்ணை போனில் ஒரு விசயத்தை விளக்கினார். அவருக்கு விளக்குவதென்றால் பிரியம்.

"தங்கச்சி, என்னை இறக்கினாலும் நான் வர ஏலாது. நான் திரும்ப நிதிச் செயலாளர். கலியாணம் பட்ஜட் நேரம். பட்ஜட் நேரத்திலை திறைசேரி ஆக்கள் ஒருத்தரும் லீவு எடுக்க ஏலாது."

"அது ஆர் போட்ட சட்டம்?"

"நான்தான்."

"அப்ப நீங்களே எடுத்துவிடுங்கோவன்! இப்ப நாடே உங்கடை கையிலை."

"அது எப்பிடி? எனக்கு லீவு வேணுமெண்டு நானே சட்டத்தை எடுக்கிறதோ? போன வருசம் ஒரு பெடியன் தன்ரை கலியாணத்துக்கே லீவு கேட்டவன். ஏலாது எண்டு சொன்னனான்."

"அவன் பிறகு என்ன செய்தவன்?"

"கலியாணத்தைத் தள்ளிப்போட்டவன். நல்ல பெடியன்."

நான் போனைக் காதில் இருந்து எடுத்து ஒருதரம் பார்த்தேன். "அப்ப எப்பிடித்தான் வருவீங்கள்?"

"நிரந்தரத் தலைவரெண்டால் வரலாம். தனக்குப் பதிலா ஒராளைப் போட்டிட்டு வெளிக்கிட அவருக்கு அதிகாரம் இருக்கு."

என் நிலைமையை யோசித்துப் பாருங்கள். இத்தனை கிழமையாக நான் முழந்தாள் தேய மன்றாடியது என் பிள்ளைக்கு எதிராக. மீன் லைசென்ஸ்காரர் மன்றாடியது எனக்கு நன்மையாக. ஒன்பதாம் கிழமை கோயிலில் மாதாவின் முகத்தைப் பார்க்கவே வெட்கமாக இருந்தது. "தாயே, முந்திக் கேட்டதெல்லாத்தையும் விடுங்கோ. மச்சாள் கேட்டதையே குடுங்கோ" என்று சொல்லிவிட்டு வந்தேன். அன்றைக்குத்தான் முதன்முதலாக நானும் மச்சாளும் ஒரே விசயத்துக்கு ஒன்றாக மன்றாடினோம். அதற்கே புதுமை என்று எழுதி வைக்கலாம்.

மாதா கேட்டுவிட்டா. அதுதான் பிரச்சினை.

அடுத்த கிழமை, நான் வேலைக்கு வெளிக்கிடுகிற நேரம் அண்ணை எடுத்தார். குரலில் விளக்கம் ஒன்றும் இல்லை.

"தங்கச்சி, ரெண்டு கட்சியும் ஒண்டா வந்து கேட்டிருக்கினம். நானே நிரந்தரமா இருக்கட்டாம். பாராளுமன்றத்திலை கையைத் தூக்கினால் சரி. நாளைக்குப் பதில் சொல்லவேணும்."

"நீங்கள் என்ன சொல்லப்போறியள்?"

"நான் ஓம் எண்டால் கலியாணத்துக்கு வரலாம்" என்றார். பிறகு, "சனம் எனக்கு வோட் போடேல்லை" என்றார்.

வாழ்க்கை முழுக்க எல்லோருக்கும் ஏலாது சொன்ன மனுசனுக்கு எனக்கு மட்டும் சொல்ல வாய் வரவில்லை. நான் வாங்கோ என்று ஒரு சொல் சொன்னால் அவர் ஓம் என்று சொல்லிவிடுவார். அது எனக்குத் தெரிந்தது. கதவில் மகளின் வெள்ளைச் சேலை பிளாஸ்ரிக் உறைக்குள் தொங்கிக்கொண்டிருந்தது. படியில் அவள் நின்றாள். போன் ஸ்பீக்கரில் இருந்தது, எல்லாவற்றையும் கேட்டுவிட்டாள். என் பிள்ளையின் கண் நிறைந்திருந்தது. ஆனால் தலையை மெல்ல ஆட்டினாள், வேண்டாம் என்று.

"அண்ணை," என்றேன், "என்ரை பிள்ளையைக் கோயிலுக்குள்ளை கூட்டிக்கொண்டு போறதுக்கு உங்களை ஒரு நாட்டுக்குத் தலைவராக்கவேணுமெண்டால், அந்தச் சனம் பாவம். என்ரை ஹீற்றர் பட்ட பாடு எனக்குத் தெரியும்."

அவர் சிரிக்கத் தொடங்கினார். சிரிப்பு பாதியில் வேறு ஏதோவாக மாறியது. "வைக்கிறன்" என்று வைத்துவிட்டார்.

மறுநாள் அவர் ஏலாது என்று சொன்னார். ஆத்திரத்தில் இரண்டு கட்சியும் ஒற்றுமையாகி, சில நாளிலேயே வேறொருவரைத் தெரிவுசெய்தார்கள். அண்ணை சின்னக் கதிரையில் இருந்து எழும்பித் திறைசேரிக்குப் போய் பட்ஜட் பார்த்தார். இங்கே எட்டுப்பேராக வர இருந்த குடும்பத்துக்கு அந்தச் சனிக்கிழமையே ஷிப்ட் வந்துவிட்டது. ஷிப்டுக்குக் கண் இருக்கிறது.

கலியாணத்தன்று கோயில் வாசலில் மச்சாள் தன் மனுசனை முன்னுக்குத் தள்ளினா. "இவர் போகட்டும். சூட்டும் தைச்சவர்."

நல்ல சூட்தான். மகள் அவரைப் பார்த்துச் சிரித்துவிட்டு என் பக்கம் திரும்பினாள். "அம்மா, நீங்கள் வாங்கோ."

"நானோ? பிள்ளை, சனம்..."

"அம்மா, சீரியஸ்லி. ஸ்கூலுக்கு ஆர் கூட்டிக்கொண்டு போனது? டிரைவிங் டெஸ்ற்றுக்கு?"

மச்சாள் என் காதுக்குள், "மச்சாள், நல்ல காரியம் நடக்கிற இடம்..." என்று தொடங்கினா. வாசலில் நின்ற பாதர் கேட்டுவிட்டு, "நல்ல காரியத்துக்குத்தானே அம்மா போகிறா" என்றார். ஓர்கன் தொடங்கிவிட்டது. நான் குசினியில் தேய்ந்த கையை மகளின் கைக்குள் வைத்துக்கொண்டு நடந்தேன். யாரோ குசுகுசுத்தார்கள். மாதா சுரூபத்தைப் பார்த்தேன். அவவும் தன் பிள்ளையோடு கடைசிவரை தனியாகத்தான் போனவ என்ற நினைப்பு வந்தது. பிறகு கண் தெரியவில்லை, அழுகை.

பின்னேரம் மண்டபத்தில் நிற்க அண்ணை எடுத்தார்.

"ஆர் தங்கச்சி கூட்டிக்கொண்டு போனது?"

"பதில் தகப்பன்."

"ஆரது?"

"நான்தான். என்ரை மனுசன் போன நாளிலை இருந்து அந்த வேலையிலை இருக்கிறன். ஒருத்தரும் வோட் போடேல்லை."



"அப்ப இனி உன்னை நிரந்தரமாக்கலாம்" என்றார் அண்ணை. வாழ்க்கையில் அவர் ஏலாது என்று சொல்லாமல் ஒப்புதல் கொடுத்ததை நான் அன்றைக்குத்தான் கேட்டேன்.