கள்ளனுக்கு ராச வரவு

நேற்று நீங்கள் போனில் பழைய ஊமைப் படம் ஒன்று பார்த்தீர்கள். இரண்டு கள்ளர் இரும்புப் பெட்டியைத் தூக்கிக்கொண்டு ஓடி, பொலிஸ்காரரின் மடியிலேயே போய் விழுகிறார்கள். "சத்தம் வருகுதில்ல அப்பா" என்றீர்கள். பிள்ளைகளே, அந்த மாதிரிப் படங்களை நான் சத்தத்தோடு பார்த்தவன்.

அது சண்டைக் காலம். உப்புத்தண்ணீர்க் களப்புக் கரையில் இருந்த அரிசி ஆலையில் எனக்கு வேலை. ஞாயிறு பகலில் நெல் அறைச் சன்னல்களைச் சாக்கால் மூடி, சுவரில் வெள்ளை வேட்டியை விரித்து, படம் காட்டும் பழைய மெசினில் கள்ளர் படம் ஓட்டுவேன். கூத்துக்கு மத்தளம் அடிக்கும் என் மாமா பக்கத்தில் இருந்து படத்துக்கும் அடிப்பார். கூத்தில் ராசா களரிக்கு வரும்போது அதற்கென்று ஒரு வரவுத் தாளம் உண்டு. எங்கள் ஊரில் அதை அறியாத ஆள் இல்லை. ஒருநாள் மாமா அந்தத் தாளத்தைப் படத்தில் கள்ளன் வரும்போது அடித்தார்.

"என்ன மாமா, கள்ளனுக்குப் போய் ராச வரவு?"

"இஞ்ச இப்ப ஆர் ராசா, மருமகன்?" என்றார். சனம் விழுந்து விழுந்து சிரித்தது.

துவக்கும் தோட்டாவுமாகத் திரிந்த சிலர் அப்போது ஊரில் சைக்கிள், ஆடு, தோணி என்று கண்டதையெல்லாம் கொண்டுபோனார்கள். எல்லோரும் ஊர்ப்பக்கத்துப் பொடியன்கள்தான். தெரிந்தும் ஒருவரும் வாய் திறப்பதில்லை. அந்தச் சிரிப்பு அவர்களின் காதுக்குப் போனது. மாமாவை மத்தளத்தோடு கூட்டிக்கொண்டு போனார்கள். திரும்பி வரும்போது வலக்கை விரல்கள் உடைந்திருந்தன. மத்தளத்தையும் கொடுக்கவில்லை. "இனி அந்தப் பக்கம் போகாதீங்க, ஆளாவது மிஞ்சட்டும்" என்று மாமி அழுதார்.

நானும் மெசினை மூடிவைத்தேன். அடுத்த ஞாயிறு மாமா கையில் கட்டோடு வந்து நின்றார். "மெசின எடு மருமகன். கள்ளன் விழுறத இன்னும் முழுசாப் பார்க்கல்ல" என்றார்.

சனமும் வந்தது. படத்தில் கள்ளன் வந்தான். மாமா வாயாலேயே வரவைச் சொல்லத் தொடங்கினார். "தாதெய்யத் தெய்ய தாதெய்..."

வாசல் சாக்கு விலகியது. மாமாவைக் கொண்டுபோனவர்களின் தலைவன் துவக்கோடு நின்றான்.

"நிப்பாட்டு கிழவா."

மாமா நிறுத்தினார். ஆனால் தாளம் நிற்கவில்லை. பின்னால் இருந்த மீன்கார அக்கா அதை எடுத்தார். பிறகு அவர் பக்கத்தில் இருந்தவர்கள், பிறகு அறை முழுவதும்.

"ஆர் சொல்றது?" என்று கத்தினான். எல்லோருடைய வாயிலும் தாளம் இருந்தது, என் வாயிலும்தான்.

அவன் உள்ளே ஓர் அடி வைத்தான். தாளம் அந்தக் காலுக்கே சரியாக விழுந்தது. அவனும் எங்கள் கூத்தைப் பார்த்து வளர்ந்தவன். எந்தக் கள்ளனுக்கு வரவு சொல்கிறோம் என்று அவனுக்கு விளங்கிவிட்டது. வைத்த காலைப் பின்னுக்கு எடுத்தான்.

நாங்கள் நிறுத்தவில்லை.