அப்பா பேசாத ஒரு நிமிடம்

திரைப்பட விழாக் கையேடுகளில் என்னைப் பிரெஞ்சு இசையமைப்பாளர், ஒலி வடிவமைப்பாளர் என்று போடுவார்கள். பாரிஸில் பிறந்து, அங்கேயே தொழில் பழகியவன் என்பதால் அது சரிதான். பெற்றோரோடு லண்டனுக்கு வந்து இத்தனை வருடமாகியும் அந்தப் பட்டம் போகவில்லை. அப்பா மட்டும் கேட்பவர்களிடம், "மகன் சத்தம் பிடிக்கிற வேலை" என்பார். எனக்குப் பற்றிக்கொண்டு வரும்.

படத்தில் பேச்சுக்கு நடுவே வரும் இடைவெளிகளை நிரப்ப, யாரும் பேசாத அறையின் அமைதியையும் நாங்கள் பதிவு செய்து வைப்போம். லண்டன் விமான நிலையத்துக்குப் பக்கத்தில், ஹவுன்ஸ்லோவில் இருக்கும் பெற்றோர் வீட்டுக் குசினியில்தான் பல தடவை பதிவு செய்திருக்கிறேன். அங்கே இருந்த பழைய குளிர்பெட்டியின் மெல்லிய இரைச்சல் எனக்குப் பிடிக்கும். கூரைக்கு மேலே ஒரு விமானம் போய் அடுத்தது வருவதற்குள் முடிக்க வேண்டும். அந்த நேரம் பார்த்துத்தான் அப்பா, "தேத்தண்ணி குடிக்கிறியோ?" என்பார். வாய்க்கு வந்தபடி ஏசுவேன். அவர் குரல் விழுந்த பதிவை அங்கேயே அழித்துவிட்டு, அவர் வெளியே போன பிறகு மறுபடி தொடங்குவேன்.

போன தை மாதம் அப்பா காலமானார். முப்பத்தோராம் நாள் அந்தியேட்டி முடிந்த கையோடு அம்மா கேட்டார்.

"தம்பி, அப்பான்ர குரல் உன்னட்ட இருக்கும்தானே? ஒருக்காப் போட்டு விடு."

தேடினேன். போனில் குரல் அனுப்பும் பழக்கம் அவருக்கு இருந்ததில்லை. சொந்தக்காரரின் கலியாண வீடியோக்களில் அவர் வாய் அசைகிறது. மேலே சினிமாப் பாட்டு ஓடுகிறது. வீடியோக்காரரைத் திட்டிக்கொண்டே என் கணினியைத் திறந்தேன். அவராவது பாட்டைப் போட்டு மூடியிருந்தார். நான் அடியோடு அழித்திருந்தேன். எனக்கே என்மேல் அருவருப்பாக இருந்தது.

அப்பா பக்கத்தில் இருந்தபோது பதிவு செய்தவற்றில் மிஞ்சியது ஒன்றே ஒன்று. அன்று நான் ஏசிய ஏச்சில், அவர் மேசையோரக் கதிரையில் உட்கார்ந்தபடி ஒரு நிமிடம் முழுவதும் வாய் திறக்காமல் இருந்தார். வேறு வழியில்லாமல் அதையே ஹெட்போனில் போட்டு அம்மாவின் காதில் மாட்டினேன். குளிர்பெட்டி இரைகிறது. முடியும் தறுவாயில் கதிரை ஒருமுறை கிறீச்சிடுகிறது. அதைப் பிறகு வெட்டலாம் என்று விட்டிருந்தேன்.

அம்மா திரும்பப் போடச் சொன்னார். கதிரைச் சத்தம் வந்ததும் கண்ணை மூடிக்கொண்டார்.

"பாவம் மனுசன்," என்றார். "உனக்குத் தேத்தண்ணி போட எழும்பப் பாத்திருக்கிறார். நீ ஏசுவாய் எண்டு இருந்திட்டார்."