ஃபெயிலியர் ரிப்போர்ட் வாங்கப் போன நாள்

தொழிற்சங்க வேலைக்கு வந்த புதிதில் நான் வாங்கிய முதல் அடி ஐகோர்ட்டில். செல்வராஜ் என்ற அயர்னிங் தொழிலாளியைக் கம்பெனி வாய்வார்த்தையாகவே வேலையை விட்டு நிறுத்திவிட்டது. வக்கீல் தடுத்தும் கேட்காமல் நேராக ரிட் மனு போடவைத்தேன். மாதக்கணக்கில் அலைந்த பிறகு, லேபர் ஆபீசரிடமும் லேபர் கோர்ட்டிலும் முறையிடாமல் இங்கே வந்தது தவறு என்று தள்ளுபடி செய்துவிட்டார்கள். அதற்குள் செல்வராஜ் தாராபுரத்துக்கே திரும்பிவிட்டார்.

அதில் பாடம் கற்றேன். ஆனால் பாதிதான் கற்றேன். முதலில் நிர்வாகத்துக்குக் கடிதம். பிறகு லேபர் ஆபீசரிடம் மனு. அவர் இரு தரப்பையும் உட்காரவைத்துப் பேசுவார். பேச்சு முறிந்தால் ஃபெயிலியர் ரிப்போர்ட் எழுதித் தருவார். அதன் பிறகுதான் லேபர் கோர்ட். இந்த வரிசையைத் தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் சொல்வேன். ஆனால் நடுவில் வரும் பேச்சுவார்த்தையை வெறும் சடங்காகத்தான் நினைத்தேன்.

அப்போதுதான் அற்புதம் என்ற பெண் சங்கத்துக்கு வந்தார். தூத்துக்குடிப் பக்கத்துக்காரர், பனியன் கம்பெனியில் தைத்த துணியில் குறை பார்க்கும் செக்கிங் வேலை. நாள் முழுக்க நின்றபடி பீஸ் பார்க்கிறோம், உட்கார ஸ்டூல் கொடுங்கள் என்று கேட்டிருக்கிறார். மறுநாளிலிருந்து வர வேண்டாம் என்றுவிட்டார் சூப்பர்வைசர். பக்கத்துக் கம்பெனிகளிலும் பெயரைச் சொன்னதுமே ஆள் எடுக்கவில்லை என்றார்கள், செய்தி முந்திக்கொண்டது. கணவர் இல்லை. வேலை கிடைக்காவிட்டால் இரண்டு மகள்களின் படிப்பை நிறுத்திவிட்டு ஊருக்குப் போக வேண்டியதுதான்.

"கம்பெனிக்காரனைக் கோர்ட்டுல நிக்க வெச்சுப் போடலாங்க," என்றேன்.

"எத்தன நாளாவும் அண்ணாச்சி?"

நான் நிர்வாகத்துக்குக் கடிதம் எழுத உட்கார்ந்தேன்.

பதிவுத் தபாலில் போட்ட அந்தக் கடிதத்தைக் கம்பெனி வாங்க மறுத்துத் திருப்பி அனுப்பியது. எனக்கு உள்ளூர சந்தோஷம். கோர்ட்டில் காட்ட ஒரு சாட்சி. லேபர் ஆபீசர் கூப்பிட்டபோதும் இரண்டு வாய்தாவுக்கு ஆள் வரவில்லை. மூன்றாவதுக்கு மேனேஜர் வந்தார்.

"இவங்க ஒத்துக்க மாட்டாங்க சார். ஃபெயிலியர் எழுதிக் குடுத்துருங்க," என்று நான் ஆரம்பித்தேன்.

ஆபீசர் என்னைக் கண்டுகொள்ளவில்லை. மேனேஜரிடம், "ஏனுங்க, இந்தம்மாவை எதுக்கு நிறுத்துனீங்க?" என்றார்.

"நாங்க எங்கீங்க சார் நிறுத்துனோம்? அவங்களாத்தான் வர்றதில்லீங்க."

ஊரில் எல்லாக் கம்பெனியும் சொல்கிற பொய்தான். எனக்குச் சுருக்கென்று கோபம் வந்தது. திரும்பி வந்த கவரை மேசையில் போட்டு, "பச்சைப் பொய்யுங்க சார்," என்றேன்.

"நீங்க உக்காருங்க," என்றார் ஆபீசர். பிறகு மேனேஜர் பக்கம் திரும்பி, "நிறுத்தலீன்னா சரி. நாளைக்குக் காலைல வந்தா உள்ள உடுவீங்கல்ல?"

மேனேஜர் கர்சீப்பை எடுத்தார். நிறுத்தினோம் என்றால் காரணம் காட்ட வேண்டும். நிறுத்தவில்லை என்றால் உள்ளே விட வேண்டும். நெற்றியைத் துடைத்துக்கொண்டு, "உடறமுங்க," என்றார்.

"அதையே எழுதிக் கையெழுத்துப் போடுங்க. பழைய வேலை, பழைய சர்வீஸ்."

நான் மறுபடி எழுந்தேன். "இதுக்கு ஒத்துக்கிட்டா அவங்க சொன்ன பொய்யி உண்மையாயிருமுங்க."

அற்புதம் என் சட்டையைப் பிடித்து இழுத்தார். "பொய்தான் அண்ணாச்சி. இருந்துட்டுப் போவட்டும். நான் நாளைக்கு வேலைக்குப் போணும்."

மறுநாள் அவர் உள்ளே போனார். ஸ்டூல் வரவில்லை, அதற்குத் தனியாக மல்லுக்கட்டினோம்.

கோர்ட்டுக்கு முன்னால் சட்டம் வைத்திருக்கிற படிகளைத் தாண்டிக் குதிக்காதீர்கள் என்று புதிய தோழர்களுக்கு எல்லோரும் சொல்வார்கள். ஒப்புக்கு ஏறி இறங்கவும் வேண்டாம் என்பதையும் நான் சேர்த்துச் சொல்கிறேன். அன்று என் பையில் லேபர் கோர்ட் மனு டைப் அடித்துத் தயாராக இருந்தது. அந்த ஆபீசர் நான் கேட்டபடி ஃபெயிலியர் எழுதிக் கொடுத்திருந்தால், ஏதோ ஜெயித்துவிட்டவன் மாதிரி அற்புதத்தைக் கூட்டிக்கொண்டு படியிறங்கியிருப்பேன். அதை நினைத்தால் இன்றும் வெட்கமாக இருக்கிறது.