பட்டதாரி தொகுதியில் ஒரு செல்லாத ஓட்டு

1. படித்தவர்கள் ஓட்டுப் போடும் அழகு

பல்கலைக்கழகத் தேர்தல் பிரிவில் இருபத்தொன்பது வருஷம் குப்பை கொட்டியவள் நான். அந்த உரிமையில் சொல்கிறேன், பட்டதாரிகளைப் போல ஓட்டுப் போடத் தெரியாதவர்கள் ஊரில் கிடையாது.

பல்கலைக்கழகப் பேரவையான செனட்டில் பதிவுபெற்ற பட்டதாரிகளுக்கென்று சில இடங்கள் உண்டு. வாக்குச்சீட்டு தபாலில் போகும். பிடித்தவர் பெயருக்கு எதிரே 1, அடுத்தவருக்கு 2 என்று எண் போட்டு, பெயர் எழுதாத உறையில் வைத்து அனுப்ப வேண்டும். போட்டவர் யார் என்று காட்டிக்கொடுக்கும் ஒரு கிறுக்கல் இருந்தாலும் செல்லாது. இவ்வளவுதான் விதி. ஆனால் யாரோ ஒரு பேராசிரியர், விடைத்தாள் திருத்தும் ஞாபகத்தில் வேட்பாளருக்குச் சிவப்பு மையில் நாற்பத்தைந்து மார்க் போட்டு அனுப்பினார். இன்னொருவர் வேட்பாளரின் பட்டத்தைத் திருத்தி, பக்கத்தில் கையெழுத்தும் போட்டார். தலையில் அடித்துக்கொண்டு சிரிப்பேன்.

2. எதிர் மேஜை

நான் வேலைக்குச் சேர்ந்த புதிதில் எதிர் மேஜையில் சபேசன் இருந்தார். என் கையில் எந்தத் தாள் வந்தாலும் ஓரத்தில் இனிஷியல் போட்டுவிடுவேன். 'வ' எழுதி, கடைசிக் கோட்டைக் கீழே நீளமாக இழுத்துச் சுழிப்பேன்.

"வசந்தா, பஸ் டிக்கெட்டையாவது விட்டு வைங்க. அதுக்கும் வால் வரையணுமா?" என்பார்.

ஒருநாள் லஸ் பஸ் ஸ்டாப்பில் கேட்டார். "உங்க வீட்ல வந்து பேசட்டுமா?"

"தம்பி படிப்பு முடியட்டுமே" என்றேன். அடுத்த வருஷம் அவருக்குத் திருநெல்வேலியில் லெக்சரர் வேலை கிடைத்தது. போய்விட்டார். தம்பி படித்து முடித்தான். நான் சொல்ல நினைத்தது அப்படியே நின்றுபோனது. அவருக்குக் கல்யாணமானதும், பல வருஷம் கழித்து மனைவி தவறியதும் பிறர் சொல்லித்தான் தெரியும். ரிட்டயராகி திருவான்மியூரில் குடியேறியதும் அப்படித்தான்.

3. இடைத்தேர்தல்

ஒரு உறுப்பினர் மகளோடு வெளிநாட்டுக்குப் போய்விட, அந்த ஓர் இடத்துக்கு இடைத்தேர்தல் வந்தது. இரண்டு வேட்புமனுக்கள். ஒன்றில் சபேசனின் பெயர். என் ஓய்வுக்கு மூன்று மாதம் இருந்தது. அதற்குள் ஒரு செனட் கூட்டம் உண்டு. அவர் ஜெயித்தால் அன்று முழுக்க நான் வேலை பார்க்கும் அதே ஹாலில் இருப்பார். எனக்கு வேண்டியது அவ்வளவுதான்.

நானும் ஒரு பதிவுபெற்ற பட்டதாரி. மதியச் சாப்பாட்டுக்குப் பிறகு, ஃபைல்களுக்கு நடுவே என் சீட்டில் அவருக்கு 1 போட்டு உறையை ஒட்டினேன்.

எண்ணிக்கை அன்று சபேசன் வந்தார். தலை முழுக்க நரை. என்னைப் பார்த்துத் தலையசைத்தார்.

எண்ணி முடித்தபோது எதிராளிக்கு ஓர் ஓட்டு கூடுதல். சந்தேகத்துக்குரிய சீட்டுகள் ஐந்து மிச்சம். நாலு செல்லாது என்று இரு தரப்பும் ஒப்புக்கொண்டன. ஐந்தாவதைப் பதிவாளர் தூக்கிக் காட்டினார். சபேசனுக்கு 1. அதன் அடியில், நீண்டு சுழித்த வாலோடு ஒரு 'வ'.

அடிப்பாவி! ஊரார் ஓட்டைப் பார்த்துச் சிரித்தவள் நான்.

"சார், இது செல்லும்" என்று சபேசனின் ஏஜென்ட் எழுந்தார். "யாருதுன்னு இதுல இன்னா தெரியுது? எடுத்துக்கினா சமம் ஆயிடும், சீட்டுக் குலுக்கலாம்."

எதிர்த்தரப்பு ஏஜென்ட் விடவில்லை. "இது ஆபீஸ் இனிஷியல் மாதிரி இருக்கு சார். ஸ்டாஃப் ரிஜிஸ்டரோட ஒத்துப் பாருங்க."

பதிவாளர் வந்து மூன்று வாரம்தான் ஆகியிருந்தது. என்னைப் பார்த்து, "வசந்தா மேடம், ரிஜிஸ்டர் எடுத்துட்டு வாங்க" என்றார். அந்த வாலைத் தெரிந்த எங்கள் பிரிவு ஆட்கள் ஆளாளுக்கு ஒரு ஃபைலைப் புரட்டினார்கள். தேர்தல் நடத்துகிறவளே வேட்பாளருக்குத் தன் ஓட்டைக் காட்டிவிட்டாள் என்று ஆகும்; ஓய்வு பெறும் நேரத்தில் மெமோ வரும். நான் எழுந்துவிட்டேன். உண்மையைச் சொல்லிவிடலாம் என்றுதான் எழுந்தேன்.

சபேசன் அந்தச் சீட்டையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"ரிஜிஸ்டர் எல்லாம் வேணாம் சார்," என்றார். "செல்லாதுன்னே எழுதிக்கோங்க. நான் ஒத்துக்கறேன்."

"சார், ஜெயிக்கிற சான்ஸ் சார்!" என்று அவர் ஏஜென்ட் கத்தினார்.

"பரவாயில்ல, உக்காருப்பா."

ஒரே ஓட்டில் தோற்றார்.

முடிவுத்தாளின் பிரதியை வாங்க என் மேஜைக்கு வந்தார். பிரதியில் பிரிவு அலுவலரான என் இனிஷியல் வேண்டும். பேனாவைத் திறந்தேன், கை ஓடவில்லை.

"போடுங்க வசந்தா," என்றார் மெதுவாக. "இதுல செல்லும்."

போட்டேன். வால் கோணிப்போனது. தாளை மடிக்காமல் எடுத்துப் போனார்.

அந்தப் பிரிவுக்கு வரப்போகும் பிள்ளைகளுக்குச் சொல்கிறேன்: சீட்டில் எண்ணைப் போட்டதும் பேனாவை மூடிவிடுங்கள். வாயால் சொல்ல வேண்டியதைச் சொல்ல வேண்டிய காலத்தில் சொல்லிவிடுங்கள். நான் சொல்லாததை என் கை சொல்லி, அவருக்கு ஓர் இடம் போயிற்று.

லஸ்ஸில் திருவான்மியூர் பஸ் தினமும் என் கண் முன்னால் நின்றுதான் போகிறது. இதை எழுதி முடித்ததும் ஏறிவிடுவது என்று இருக்கிறேன்.