மூன்று கரண்டிக் கொழுப்பு

என் மைத்துனருக்கு நான் மாட்டுக் கொழுப்பை உண்ணக் கொடுத்தேன். தெரிந்தால் ஒரு வாய்கூட விழுங்கமாட்டார் என்று நன்றாக அறிந்துகொண்டே கொடுத்தேன். ஒரு முறையல்ல... ஒன்பது ஆண்டுகள்!

சொல்லிவிட்டேன். இவ்வளவுதான் விஷயம். இதை எழுத எனக்கு இத்தனை வயதாக வேண்டியிருந்தது.

வீட்டில் சொல்லாமல் எங்களிடம் ஏன் சொல்கிறாய் என்று நீங்கள் கேட்கலாம். என் மனைவி பாக்கியத்துக்குத் தமிழ் படிக்கத் தெரியாது. அவளுடையது மலாக்காச் செட்டிக் குடும்பம். மலாக்கா நகரத்தின் காஜா பெராங்கில் பல தலைமுறையாக இருப்பவர்கள். கும்பிடுவது மாரியம்மனை, பேசுவதெல்லாம் மலாய். நானோ ரப்பர்த் தோட்டத்தில் பால்மரம் வெட்டியவர்களின் மகன், தமிழ்ப்பள்ளியில் ஆறாம் வகுப்பு வரை போனவன். அவள் எதிரில் உட்கார்ந்து வெங்காயம் உரித்துக்கொண்டிருக்கும்போதே இதை எழுத முடிகிறது. என்ன எழுதுகிறீர்கள் என்று சற்று முன் கேட்டாள். பழைய கதை என்றேன், நம்பிவிட்டாள். ஒரு கோழைக்கு எவ்வளவு வசதி, பாருங்கள்!

சுதந்திரத்துக்கு முன்பு, பண்டார் ஹிலிரில் கடலைப் பார்த்த ஒரு பங்களாவில், ஒரு வெள்ளைக்காரத் துரைக்கு நான் சமையல்காரன். திரைச்சீலை தைத்துக் கொடுக்க அங்கே வந்தவள் பாக்கியம். தாய் தகப்பன் இல்லாத அவளை வளர்த்து ஆளாக்கியவர் அண்ணன் தேவநாயகம். பகலில் ஓர் அலுவலகத்தில் கணக்கெழுதும் கிராணி, மாலையில் அம்மன் கோயிலில் விளக்கேற்றும் தொண்டு. எங்கள் கல்யாணத்துக்கு அவர் குறுக்கே நிற்கவில்லை. தானே முன்னின்று நடத்தினார்.

ஆனால் என் கையால் சாப்பிடமாட்டார்.

காரணத்தை என் முகத்துக்கு நேரே சொன்னார். மலாயில் சொன்னதை என் தமிழில் எழுதுகிறேன்: "நீ நல்லவன்தான் தம்பி. ஆனா ஞாயித்துக்கெழமயானா மாட்டிறைச்சி அறுக்கிற கை அது. அந்தக் கையால குடுக்கறது எனக்கு எறங்காது."

எனக்குக் கோபம் வரவில்லை. அவர் சொன்னதில் பொய் ஏதாவது இருந்ததா?

இரண்டு ஆண்டுகள் இப்படியே போயின. எங்கள் வீட்டுக்கு வருவார், தங்கை போட்ட பாலில்லாத கோப்பியை மட்டும் குடிப்பார், போய்விடுவார். பொங்கலுக்கு முன் செட்டி வீடுகளில் பார்ச்சு என்று முன்னோருக்குப் படையல் வைப்பார்கள். இறந்தவருக்கு உயிரோடு இருந்தபோது எது பிடித்ததோ, அது அவருடைய வாழையிலையில் இருக்க வேண்டும். அந்த நாளில் ஊருக்கெல்லாம் சமைத்துப்போடும் நான் படையலில் கை வைக்காமல் கொல்லையில் விறகு பிளந்துகொண்டிருப்பேன். பாக்கியம் உள்ளே சமைத்துக்கொண்டே அழுவாள். புகை என்று சொல்வாள்.

பிறகு நாடு சுதந்திரத்துக்குத் தயாரானது. துரை ஊருக்குப் புறப்பட்டார். துரைசானி சாமான் அறையைத் திறந்துவிட்டு, வேண்டியதை எடுத்துக்கொள் என்று சொல்லிவிட்டாள். கொல்லையில் வளர்த்த வான்கோழிகள் ஐந்தும் எனக்குத்தான்! அலமாரியில் மிஞ்சிய மசாலாப் புட்டிகள் வந்தன. அவற்றோடு ஒரு தகர டின்னும் வந்தது. ஞாயிற்றுக்கிழமை மாட்டிறைச்சியைச் சுடும்போது வடியும் கொழுப்பை அதில்தான் ஊற்றி வைப்பேன்.

ஏன் அதைத் தூக்கி எறியவில்லை? எத்தனையோ முறை கேட்டுக்கொண்டேன். சமையல்காரன் புத்தி... நல்ல கொழுப்பை எறிய மனம் வராது. விறகுக்குப் பின்னால் ஒளித்து வைத்தேன். ஒளித்தேன் என்றால் தெரிந்துதான் செய்தேன், இல்லையா?

துரைசானி சின்ன வயதில் மெக்சிகோ என்ற நாட்டில் வளர்ந்தவள். அங்கே ஒரு பண்டம் உண்டாம், டாக்கோ என்பாள். கறியைப் பொடியாகக் கொத்தி, சீரகமும் மிளகாயும் பூண்டும் சேர்த்து வதக்கி, மெல்லிய ரொட்டியில் வைத்து மடித்துக் கையால் சாப்பிடுவது. முதல் தடவை செய்தபோதே எனக்குப் புரிந்துவிட்டது, இது நம் மசாலாதான் என்று. கொத்தமல்லியைக் கூட்டி, கடைசியில் கொஞ்சம் புளிக்கரைசல் விட்டால் நம் வீட்டுப் பண்டமாகவே ஆகிவிடும். அதைச் செய்து அண்ணனைச் சாப்பிட அழைக்கலாம் என்றாள் பாக்கியம். பங்களா வேலைதான் போய்விட்டதே, இனி அண்ணன் என்ன சொல்ல முடியும் என்பது அவள் கணக்கு. ஒரு ஞாயிறு மதியம் வருவதாக அவரும் ஒப்புக்கொண்டார்.

உங்களில் யாராவது வான்கோழியைக் கொத்திச் சமைத்திருக்கிறீர்களா? மார்புக்கறியில் கொழுப்பு என்று பேருக்குக்கூட இல்லை. அடுப்பில் போட்டால் தண்ணீர் விடும், தண்ணீர் வற்றினால் மரத்தூளாக உதிரும். அன்று வெங்காயத்தைத் தேங்காய் எண்ணெயில் பொன்னிறமாக வதக்கினேன். ஜாலான் பெண்டஹாராக் கடையில் வாங்கிய புதுச் சீரகத்தை வறுத்துப் பொடித்துப் போட்டேன். கறியைக் கிளறாமல் விட்டு அடி சிவக்க வைத்தேன். எல்லாம் முறைப்படிதான். வாயில் வைத்தால்... மசாலா ஒரு பக்கம், கறி ஒரு பக்கம்!

வாசலறையில் தேவநாயகம் வந்து உட்கார்ந்துவிட்டார். பாக்கியம் இஸ்திரி போட்ட கெபாயாச் சட்டையில் உள்ளேயும் வெளியேயும் நடந்துகொண்டிருந்தாள். இரண்டு ஆண்டுக்குப் பிறகு அண்ணன் தன் வீட்டில் சாப்பிடப்போகிறார் என்ற சந்தோஷம் அவள் முகத்தில் அப்படியே தெரிந்தது. இவர் ஒரு வாய் வைத்துவிட்டு ஒதுக்கினால் அவள் என்ன ஆவாள் என்று நினைத்தேன்.

இல்லை. முழுவதையும் சொல்கிறேன். என் கை தோற்கக் கூடாது என்றும் நினைத்தேன்.

டின்னை எடுத்தேன். ஒரு கரண்டி என்று எழுத ஆசையாக இருக்கிறது. மூன்று கரண்டி! கறி அதைக் குடித்துக்கொண்டு பளபளத்தது. மசாலா அதில் போய் ஒட்டிக்கொண்டது. வாசனை வாசலறை வரை போயிருக்க வேண்டும். பாக்கியம் எட்டிப் பார்த்து, அது என்ன கொழுப்பு என்று கேட்டாள்.

"வான்கோழிக் கொழுப்புத்தான்," என்றேன்.

அவர் நான்கு ரொட்டி சாப்பிட்டார். விரலைக்கூட வழித்தார். கை கழுவிவிட்டு வந்து என் வலது கையைப் பிடித்துக்கொண்டார்.

"சுத்தமான கை தம்பி இது. நாந்தான் தப்பா நெனச்சிட்டேன். மின்தா மாஃப்."

மன்னிப்புக் கேட்கிறேன் என்று பொருள். அந்த இரண்டு சொற்களை மட்டும் தமிழாக்க எனக்கு மனம் வரவில்லை. இன்றும் அவை அவர் குரலில்தான் கேட்கின்றன.

அந்தக் கணமே சொல்லியிருக்கலாம். சொன்னால் அவர் கொல்லைக்கு ஓடி வாந்தி எடுத்திருப்பார், பாக்கியத்தைக் கூட்டிக்கொண்டு போயிருப்பார், என்னை ஜென்மத்துக்கும் மன்னித்திருக்கமாட்டார். அதெல்லாம் நியாயம்தானே? ஆனால் நான் தலைகுனிந்து நின்றேன். அதை அடக்கம் என்று எடுத்துக்கொண்டார்கள்.

அதற்குப் பிறகு நான் வீட்டுக்குள் வந்துவிட்டேன். பார்ச்சு சமையல் என் பொறுப்பு ஆயிற்று. வான்கோழிகள் குஞ்சு பொரித்துக் கொல்லையை நிறைத்தன. மலாயில் அதற்கு டச்சுக்காரன் கோழி என்று பெயர். டச்சுக்காரன் மலாக்காவை விட்டுப் போய் எத்தனையோ காலமாகியும் அவன் கோழி மட்டும் என் தங்கை வீட்டில் குடியிருக்கிறது என்று மைத்துனர் கேலி செய்வார். எனக்கு ஓர் ஓட்டலில் ரொட்டி சுடும் வேலை கிடைத்தது. மாட்டிறைச்சி அறுப்பவன் வேறு ஆள், ஆனால் அங்கே அந்தக் கொழுப்புக்குப் பஞ்சமில்லை.

ஒரே ஒருமுறை அது இல்லாமல் செய்தேன். இரண்டு ரொட்டியோடு நிறுத்திக்கொண்டு, உனக்கு உடம்பு சரியில்லையா தம்பி என்று விசாரித்தார். அடுத்த முறை மறுபடியும் டின்னைத் திறந்தேன்.

மேலும் சொல்ல வேண்டும்... அதையும் சொல்லிவிடுகிறேன். அம்மன் திருவிழாவுக்கு அவர் விரதம் இருப்பார். நாட்கணக்கில் ஒரு வேளைச் சோறு, பாயில் படுக்கை. விரதம் முடிந்து முதல் கவுச்சி சாப்பிட நேராக என் வீட்டுக்குத்தான் வருவார். நெற்றியில் திருநீறு கலையாமல் உட்கார்ந்து, என் கையிலிருந்து அதை வாங்கிச் சாப்பிடுவார். ஒன்பது திருவிழா!

ஒரு மழைக்காலத்தில் மூன்று நாள் காய்ச்சலில் போய்விட்டார். நான் தோள் கொடுத்தேன். அன்றைக்கு எனக்கு ஒரு நிம்மதி வந்தது என்பதையும் எழுதிவிடுகிறேன். இனி அவருக்கு அதைக் கொடுக்க வேண்டியதில்லை என்று நினைத்தேன்.

பார்ச்சை மறந்துவிட்டேன், பாருங்கள்.

அவருடைய இலையில் வேறு எதை வைப்பது? இறந்தவருக்கு மறுபடியும் அதைக் கொடுக்க என்னால் முடியவில்லை. தேங்காய் எண்ணெயில் சமைத்தேன். படைத்து முடித்ததும் எல்லோரும் சாப்பிட்டோம். எல்லோரும் போன பிறகு, இது அண்ணனுக்குப் பிடித்த ருசி இல்லையே என்றாள் பாக்கியம். உங்களுக்கு வயதாகிவிட்டது, அடுத்த முறை எனக்குச் சொல்லிக்கொடுங்கள், நானே செய்கிறேன் என்றாள்.

சொல்லிக்கொடுத்தேன். வெங்காயம் எந்த நிறம் வர வேண்டும், சீரகம் எப்போது வெடிக்கும், கறியை எப்போது கிளறக் கூடாது, புளி எவ்வளவு... ஒன்றே ஒன்றைத் தவிர எல்லாம் சொன்னேன்.

அன்றிலிருந்து ஒவ்வோர் ஆண்டும் அவள்தான் செய்கிறாள். நெய் விட்டுப் பார்த்தாள். கெட்டித் தேங்காய்ப்பால் விட்டுப் பார்த்தாள். தோலையும் சேர்த்துக் கொத்தினாள். வான்கோழிக் கொழுப்பைத் தேடி ஒரு முழுக் கோழியையே கிண்டிக் கிளறியதையும் நான் பார்த்தேன். கிடைத்தது கால் கரண்டி. உங்களுக்கு மட்டும் எப்படி அத்தனை கிடைத்தது என்று கேட்டாள். அந்தக் காலத்துக் கோழி கொழுத்த கோழி என்றேன்.

இப்போது அவள் உரித்துக்கொண்டிருப்பது நாளைய பார்ச்சுக்கான வெங்காயம். நாளை என்ன நடக்கும் என்று எனக்குத் தெரியும். அண்ணன் இலையில் ரொட்டியை மடித்து வைப்பாள், விளக்கைத் தூண்டுவாள், தரையில் நெற்றி பட விழுந்து கும்பிடுவாள். அவள் பேச்சில் மிஞ்சிய தமிழ்ச் சொல் அந்த 'அண்ணே' மட்டும்தான். போன வருடமும் அதற்கு முந்திய வருடமும் சொன்னதையே நாளையும் சொல்வாள்.

"அண்ணே, மின்தா மாஃப். என் கைக்கு வரல."

அந்த இலையில் இருப்பது சுத்தமான சாப்பாடு. அதற்குத்தான் அவள் மன்னிப்புக் கேட்கிறாள். அவள் அழுவாள், புகை என்று சொல்லக்கூட அங்கே அடுப்பு இருக்காது. நான் அவளுக்குப் பின்னால் கைகூப்பி நிற்பேன்.

வெங்காயம் போதுமா என்று கேட்கிறாள். போதும் என்று சொல்லிவிட்டு இந்தத் தாளை மடிக்கிறேன்.