இரண்டு பூட்டு சாரின் விடைக்குறிப்பு

எங்கள் பள்ளியின் மூத்த கணக்கு ஆசிரியருக்கு நாங்கள் வைத்த பெயர் இரண்டு பூட்டு சார். சைக்கிளுக்கு இரண்டு பூட்டுப் போடுவார். பாதி வழி போய்த் திரும்பி வந்து இரண்டையும் இழுத்துப் பார்ப்பார். இருபத்தாறு வருடத்தில் ஒரு பிள்ளையை அதட்டியதில்லை, மாடிப்படியில் கைப்பிடியை விட்டதில்லை. நானும் கணக்குதான் எடுக்கிறேன். அவரைக் கேலி செய்வதில் என்னை மிஞ்ச ஆளில்லை.

அப்படிப்பட்டவர் தலையில் அந்த வருடப் பொதுத்தேர்வுக்கு விடைக்குறிப்பு எழுதும் வேலையைக் கட்டினார்கள். நாற்பது பேர் அதைப் பார்த்துத்தான் திருத்த வேண்டும். மனுஷன் மூன்று நாள் சரியாகச் சாப்பிடவில்லையாம்.

திருத்தும் முகாமின் இரண்டாம் நாள், சாப்பாட்டு வேளைக்குச் சற்று முன்பு, என் பக்கத்து இருக்கையில் அவர் பேனா நின்றுவிட்டது.

"டீச்சர், இதைக் கொஞ்சம் பாருங்களேன்."

பன்னிரண்டாம் கேள்வி. x = −3 எனில் (x²)^(1/2) எவ்வளவு? அடுக்குகளைப் பெருக்கினால், இரண்டில் பாதி ஒன்று. மிஞ்சுவது x, ஆகவே −3. விடைக்குறிப்பு அப்படித்தான் சொன்னது. ஆனால் ஒரு பிள்ளை கோணல் கையெழுத்தில் படிப்படியாக எழுதியிருந்தது: −3-இன் வர்க்கம் 9. அடுக்கு அரை என்றால் வர்க்கமூலம். 9-இன் வர்க்கமூலம் 3. அதன் பக்கத்தில் சார் போட்ட சிவப்புச் சுழி, பூஜ்யம். மொத்தம் முப்பத்து மூன்று. தேற முப்பத்தைந்து வேண்டும். அந்தக் கேள்விக்கு இரண்டு மதிப்பெண்.

"மைனஸ் நம்பருக்கு அப்படிப் பெருக்கக் கூடாதுல்ல? ரெண்டு தடவை சரிபார்த்தேன் டீச்சர். ரெண்டு தடவையும் பெருக்கித்தான் பார்த்திருக்கேன்."

அவர் சட்டை முதுகோடு ஒட்டிப் போயிருந்தது. மேடையில் முகாம் அலுவலர் உட்கார்ந்திருந்தார். போன வருடம் ஒரு கூட்டல் பிழைக்காக ஒருவரை எல்லார் முன்னாலும் நிற்க வைத்து, வேலையிலிருந்தே நிறுத்தி வைத்தவர்.

"நேத்துத் திருத்தின கட்டெல்லாம்?" என்று கேட்டார் சார்.

"சீல் வச்சாச்சு. சாயங்காலம் வண்டி வருது," என்றேன். "சும்மா இருங்க சார். யாரு கவனிக்கப் போறாங்க?"

"வேலை போயிடுமா டீச்சர்? வீட்ல எப்படிச் சொல்வேன்?"

எழுந்தார். உட்கார்ந்தார். மறுபடி எழுந்தார். ஒவ்வொரு நாற்காலியின் முதுகையும் பிடித்துக்கொண்டே மேடைவரை போனார்.

"சார்... பன்னெண்டாவது கேள்வி... குறிப்பு தப்பு. நான்தான் எழுதினேன். மூணுதான் சரி."

அலுவலர் தாளை வாங்கிப் பார்த்துவிட்டு மைக்கை எடுத்தார். எல்லாக் கட்டையும் பிரிக்க வேண்டும். சார் இன்றைக்கே விளக்கம் எழுதித் தர வேண்டும். "சாப்பாடு போச்சு" என்று பின்னால் யாரோ முனகினார்கள்.

"ஒன்றரை நாளா நாப்பது பேர் திருத்துறீங்க. வேற ஒருத்தருக்கும் தெரியலையா?" என்று அலுவலர் மைக்கிலேயே கேட்டார்.

எல்லாரும் குனிந்து தாளைப் புரட்டினோம். திரும்பி வந்த சார், சுழியை அடித்து இரண்டு என்று எழுதிக் கையெழுத்துப் போட்டார்.

"உங்க கண்ணுல பட்டிருந்தா நேத்தே சொல்லியிருப்பீங்க டீச்சர். உங்களுக்கென்ன பயம்."

முதல் நாள் காலை பத்தரைக்கே, மூன்றாவது தாளிலேயே, நான் பார்த்துவிட்டேன். நமக்கெதற்கு வம்பு என்று குறிப்பில் உள்ளபடியே போட்டுக்கொண்டு போனேன். என் கட்டைப் பிரித்தபோது, மூன்று என்ற விடைக்குப் பதினேழு சுழி இருந்தது.