வாய் படாமல்

போன கிழமை ஒரு கோப்பை தண்ணி குடிச்சன். ஒரு சிநேகிதியை இழந்திட்டன்.

எங்கடை அஜின்கோர்ட் பில்டிங்கிலை, ஆறாம் மாடியிலை எஸ்தர் இருக்கிறா. கறுப்பினத்துப் பெண். படம் கீறுறவ. என்னிலும் ரெண்டு வயது குறைய. எங்கடை ஆக்கள் அவவை என்ன பேர் சொல்லிக் கதைப்பினம் எண்டு உங்களுக்குத் தெரியும்... நான் எழுதேல்லை.

நோவா ஸ்கோஷியாவிலை அவவின்ரை அம்மா ஒரு சாப்பாட்டுக்கடை வைச்சிருந்தவ. அந்தக் காலத்திலை வெள்ளைக்காரற்றை கடையளிலை கறுப்பு ஆக்களை இருத்திச் சாப்பாடு குடுக்கமாட்டினமாம். அமெரிக்காவிலை இல்லை — இந்தக் கனடாவிலை! அதாலை அம்மா வீட்டு முன்னறையிலை மேசை போட்டவ. அந்தக் கடையைத்தான் எஸ்தர் சுவரளவு துணியிலை கீறிக்கொண்டிருக்கிறா. வந்து சாப்பிட்ட ஒவ்வொருதரும் அதிலை இருக்கினம். ஒவ்வொரு முகத்துக்குக் கீழையும் பேர்.

கடைச் சாமானிலை மிஞ்சினது ஒரேயொரு கோப்பை. படம் பாக்க வாறவைக்கு அதிலைதான் தண்ணி. எனக்கும் நீட்டினா.

"குடியும், சிஸ்டர். இனி நீரும் எங்கடை அம்மாவின்ரை கஸ்டமர். சாப்பாட்டைக் குறை சொன்னால் அடி விழும்!"

நான் என்ன செய்தன்? பிறத்தியார் வீட்டிலை குடிக்கிற மாதிரி அண்ணாந்து, வாய் படாமல் ஊத்தினன்.

அவவின்ரை சிரிப்பு அப்பிடியே நிண்டுட்டுது.

"அம்மா ஒருக்கால் டவுனிலை தாகத்துக்குத் தண்ணி கேட்டவ. அவ குடிச்சு முடிய, கடைக்காரன் அவவின்ரை கண்ணுக்கு முன்னாலை அந்தக் கோப்பையை உடைச்சவன். வாய் பட்டுட்டுதாம்... நீருமோ?"

"இல்லை எஸ்தர், இது எங்கடை பழக்கம். சுத்தத்துக்கு." எனக்குத் தெரிஞ்ச இங்கிலிசிலை சொன்னன்.

"ஆரின்ரை சுத்தம்?" எண்டா.

மூண்டு நாள் லிஃப்ற்றிலை அவ என்ரை முகம் பாக்கேல்லை. எனக்கும் ரோசம். நானென்ன வெள்ளைக்காரியோ?

ரோசம் இறங்க, ஊரிலை இருந்த அப்பாவின்ரை கடை கண்ணுக்குள்ளை வந்து நிண்டுது. நான் எழுதுற இந்தப் பத்திரிகைப் பக்கத்திலை எத்தினை தரம் அந்தத் தேத்தண்ணிக் கடையைப் பற்றிப் புழுகியிருப்பன்! பின் வேலியிலை செருகியிருந்த தேங்காய்ச் சிரட்டையளைப் பற்றி ஒருக்காலெண்டாலும் எழுதினனானோ? சாதி குறைஞ்சவை எண்டு நாங்கள் சொன்ன ஆக்களை உள்ளை விடமாட்டம். கிளாஸிலை குடுக்கமாட்டம். சிரட்டையை அவையளே எடுத்து நீட்டுவினம். ஊத்தினது ஆர்? நான்தான். பத்து வயதிலை, செம்பு சிரட்டையிலை முட்டாமல் உயர்த்தி ஊத்தப் பழகின கை இது.

எஸ்தரிட்டைப் போனன். சொன்னன். ஒண்டும் விடாமல் சொன்னன்.

அவ பிரஷ்ஷைக் கீழை வைக்கேல்லை. ஒண்டே ஒண்டு கேட்டா: "அவையளின்ரை பேர் என்ன?"

யோசிச்சன்... கிழமைக்கு ஆறு நாள் ஊத்தினனான். ஒரு பேரும் வரேல்லை. மறந்ததாலை இல்லை. கேட்டதேயில்லை.

எஸ்தர் கோப்பையைக் கழுவி, துடைச்சு, மேல் தட்டிலை வைச்சா. எனக்குத் தரேல்லை. நானும் கேக்கேல்லை.

அந்த ஆக்களின்ரை பிள்ளையள் இஞ்சை கனடாவிலை, ரூஜிலையோ ஒஷாவாவிலையோ இருந்து இதை வாசிக்கக்கூடும். அப்பாவின்ரை கடையைப் பற்றி நான் எழுதினது போதும் — இனி நீங்கள் எழுதுங்கோ.